மெண்டெஸ் வழக்கு: வென்றது சமத்துவமா, சட்டத்தில் இருந்த இடைவெளியா?

பழைய ஏடு

அமெரிக்கப் பள்ளிகளில் இருந்த இனப் பிரிவினையைப் பற்றிப் பேச்சு எழுந்தால் நாம் அந்தப் பிரிவினை செல்லாது என்று உச்ச நீதிமன்றம் சொன்ன 1954 ஆம் ஆண்டின் பிரவுன் தீர்ப்பிலிருந்தே தொடங்குகிறோம். அதற்கு எட்டு ஆண்டுகள் முன்பே, 1946 பிப்ரவரி 18 அன்று, கலிஃபோர்னியாவின் ஆரஞ்சு கவுன்டியில் மெக்சிக வம்சாவளிக் குழந்தைகளைத் தனிப் பள்ளிகளில் வைத்திருந்தது அரசியலமைப்புக்கு எதிரானது என்று கூட்டாட்சி மாவட்ட நீதிபதி பால் மக்கார்மிக் தீர்ப்பளித்திருந்தார். வெஸ்ட்மின்ஸ்டர், கார்டன் குரோவ், சான்டா ஆனா, எல் மொடீனா ஆகிய நான்கு பள்ளி மாவட்டங்கள் மீது கொன்சாலோ மெண்டெஸ், வில்லியம் குஸ்மான், ஃபிராங்க் பலோமினோ, தாமஸ் எஸ்ட்ராடா, லொரென்சோ ராமிரெஸ் என்ற ஐந்து தந்தையர் ஏறத்தாழ 5,000 குழந்தைகளின் சார்பில் தொடுத்த வழக்கு அது.

வழக்கின் தோற்றம் பலருக்குத் தெரிந்திருக்கும். மெண்டெஸின் சகோதரி சோலிடாட் விடாரி தம் பிள்ளைகளையும் சகோதரரின் மூன்று பிள்ளைகளையும் ஒன்றாக அழைத்துக்கொண்டு பதினேழாம் தெருப் பள்ளிக்குச் சேர்க்கச் சென்றார். அவருடைய பிள்ளைகள் வெளிர் நிறத்தினர். குடும்பப் பெயரும் மெக்சிகப் பெயராக ஒலிக்கவில்லை. ஆகவே அவர்களுக்கு இடம் கிடைத்தது. கருத்த நிறமும் மெண்டெஸ் என்ற பெயரும் கொண்ட மற்ற மூவரையும் மெக்சிகக் குழந்தைகளுக்கான ஹூவர் பள்ளிக்குக் கொண்டு போகச் சொன்னார்கள். அந்த அத்தை ஒருவரையும் சேர்க்காமல் எல்லாப் பிள்ளைகளையும் வீட்டுக்கே திருப்பி அழைத்து வந்துவிட்டார்.

நிறத்தையும் பெயரையும் பார்த்து நடந்த பாகுபாடு என்பது இதைக் கேட்கும் எவருக்கும் விளங்கும். ஆனால் நீதிமன்றத்தில் இரு தரப்பினரும் இந்த வழக்கில் இனப் பாகுபாடு என்ற கேள்வியே இல்லை என்று ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். மெக்சிகர் சட்டப்படி வெள்ளையர் என்பதே அதன் பொருள். தம்மை வருத்திய காரணத்தையே இல்லை என்று சொல்லித்தான் அந்தக் குடும்பங்கள் வெல்ல முடிந்தது என்றால், அந்த வெற்றியை எப்படி மதிப்பிடுவது? இதைப் படித்தவர்களின் கருத்தை அறிய விரும்புகிறேன்.

வழக்காடி

நல்ல கேள்வி. முதலில் வழக்குரைஞர் டேவிட் மார்கஸ் நின்ற இடத்தைப் பார்த்துவிடுவோம். 1896 ஆம் ஆண்டின் பிளெஸ்ஸி தீர்ப்பு அப்போது உயிரோடு இருந்தது. வசதிகள் சமமாக இருந்தால் இனவாரியாகப் பிரித்து வைக்கலாம் என்பது அதன் சாரம். இனப் பாகுபாடு என்று வாதிட்டிருந்தால் எதிர்த் தரப்பு பிளெஸ்ஸியை எடுத்து மேசையில் வைத்திருக்கும். அதன் பிறகு ஹூவர் பள்ளியின் கூரையும் கரும்பலகையும் பதினேழாம் தெருப் பள்ளியினுடையவற்றுக்குச் சமமா என்ற கணக்கோடு வழக்கு முடிந்திருக்கும்.

கலிஃபோர்னியக் கல்விச் சட்டம் இன்னொரு வழியைத் திறந்து வைத்திருந்தது. பூர்வகுடியினருக்கும், சீன, ஜப்பானிய, மங்கோலிய வம்சாவளியினருக்கும் தனிப் பள்ளி அமைக்கலாம் என்று அதில் எழுதியிருந்தது. மெக்சிகர் என்ற பெயர் அந்தப் பட்டியலில் இல்லை. சட்டம் அனுமதிக்காத ஒன்றைப் பள்ளி வாரியங்கள் தாமாகவே செய்தன என்பது மார்கஸின் வாதம். பொதுநீச்சல் குளத்தில் மெக்சிகரை விலக்கிய சான் பெர்னார்டினோ நகரத்துக்கு எதிராக 1944 இல் அவரே வாதாடி வென்றிருந்ததால், சட்டத்தின் சம பாதுகாப்பை உறுதி செய்யும் அரசியலமைப்பின் 14 ஆவது திருத்தத்தை மெக்சிக அமெரிக்கருக்குப் பொருத்திக் காட்டுவது அவருக்குப் பழகிய வேலை.

எனவே அது காரணத்தை மறைத்த செயல் என்பதைக் காட்டிலும், கதவு எங்கே திறந்திருந்ததோ அங்கே நுழைந்த செயல் என்று சொல்வதே பொருந்தும்.

கீழைக்காற்று

வழக்காடி அவர்கள் சொல்வது வழக்குரைஞரின் கோணத்தில் சரி. ஆனால் வெள்ளையர் என்ற அந்த வாதம் ஒரே ஒரு வழக்கறைக்குள் ஒரே ஒரு முறை கையாளப்பட்ட உத்தி அல்ல. 1930 ஆம் ஆண்டின் மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் மெக்சிகர் என்பது தனி இனமாகக் குறிக்கப்பட்டது; கடும் எதிர்ப்பு எழுந்து அடுத்த கணக்கெடுப்பில் அது நீக்கப்பட்டது. 1936 இல் எல் பாசோ நகரத்தின் பிறப்பு இறப்புப் பதிவேட்டில் மெக்சிகரை நிறமுள்ளோர் வகையில் சேர்க்க முயன்றபோது, 1929 இல் கார்ப்பஸ் கிறிஸ்டியில் தோன்றிய மெக்சிக அமெரிக்கர் உரிமை அமைப்பான லூலாக்கும் பிறரும் கொதித்தெழுந்தார்கள். அந்தக் கொதிப்பில் மனிதரை இப்படி வகை பிரிப்பதே தவறு என்ற எண்ணத்தை விட, எங்களைக் கறுப்பினத்தவரோடு சேர்க்காதீர்கள் என்ற எண்ணம்தான் மிகுந்திருந்தது.

ஒரு சமூகம் தன் குழந்தைகளுக்கு நல்ல பள்ளி வேண்டும் என்று போராடும்போது, பக்கத்துத் தெருவில் அதே பள்ளி மறுக்கப்பட்ட பூர்வகுடிக் குழந்தையையும் சீனக் குழந்தையையும் சட்டம் பெயர் சொல்லி ஒதுக்கியிருக்கிறது, அது வேறு விஷயம் என்று விட்டுவிட்டு வாதாடியது எனக்கு நெருடலாகவே இருக்கிறது.

மழைப்பாதை

இந்தப் பேச்சில் லெமன் குரோவ் விட்டுப் போகிறது. அதையும் சேர்த்துக்கொண்டால் கீழைக்காற்று அவர்களின் நெருடலுக்கு வேறொரு பக்கமும் இருப்பது தெரியும்.

சான் டியேகோவை அடுத்த சிற்றூர் அது; எலுமிச்சைத் தோட்டங்களிலும் கற்சுரங்கத்திலும் வேலை செய்த மெக்சிகக் குடும்பங்கள் அங்கே இருந்தன. 1931 ஜனவரி 5 அன்று, விடுமுறை முடிந்து வந்த பிள்ளைகளை வாசலிலேயே நிறுத்திய தலைமை ஆசிரியர், வெள்ளையரின் பிள்ளைகளை உள்ளே விட்டுவிட்டு, மெக்சிகப் பிள்ளைகள் 75 பேரையும் அவர்கள் வாழ்ந்த குடியிருப்புப் பகுதியில் புதிதாக எழுப்பியிருந்த இரண்டறைக் கட்டடத்துக்குப் போகச் சொன்னார். மக்கள் அந்தக் கட்டடத்தைக் குதிரை லாயம் என்றே அழைத்தார்கள். பெற்றோர் பிள்ளைகளை அங்கே அனுப்ப மறுத்தார்கள். லெமன் குரோவ் அண்டைவீட்டார் குழு என்று ஒன்றை அமைத்து, மெக்சிகத் தூதரகத்தின் உதவியோடு வழக்குரைஞர்களைப் பிடித்து, பன்னிரண்டு வயது ரொபெர்த்தோ அல்வாரெஸின் பெயரில் வழக்குத் தொடுத்தார்கள்.

ஆண்டைக் கவனியுங்கள். பெரும் பொருளாதார மந்தம் தொடங்கிய காலம். வேலை இல்லாத வெள்ளையருக்கு இடம் வேண்டும் என்று சொல்லி, அமெரிக்கக் குடியுரிமை பெற்றவர்களையும் சேர்த்தே மெக்சிகக் குடும்பங்களை ரயிலேற்றித் தெற்கே அனுப்பிக்கொண்டிருந்தார்கள். அந்த நேரத்தில் தோட்டக் கூலிகளாக இருந்த பெற்றோர் பள்ளி வாரியத்தை நீதிமன்றத்துக்கு இழுத்தார்கள் என்றால், அவர்கள் எதைப் பணயம் வைத்தார்கள் என்பதை நாம் எண்ணிப் பார்க்க வேண்டும்.

நீதிபதி கிளாட் சேம்பர்ஸ் அவர்களுக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தார். கற்றலில் பின்தங்கிய ஒரு தனிக் குழந்தையை உதவிக்காகப் பிரித்து வைப்பது வேறு, ஒரு சமூகத்தின் குழந்தைகள் அனைவரையும் வாரித் தனியே வைப்பது வேறு என்பது அவர் கேட்ட கேள்விகளின் போக்கு. வாரியம் மேல்முறையீடு செய்யவில்லை. செய்திருந்தால் மாநிலம் முழுமைக்கும் அந்தத் தீர்ப்பு முன்னுதாரணம் ஆகியிருக்கக் கூடும். அதே 1931 இல் கார்ப்பின்டீரியாவைச் சேர்ந்த பிளிஸ் என்ற சட்டமன்ற உறுப்பினர், கல்விச் சட்டத்தின் பூர்வகுடி என்ற சொல்லை விரித்து மெக்சிகரையும் அதற்குள் அடக்கும் மசோதாவைக் கொண்டுவந்தார். அது நிறைவேறவில்லை.

நான் சொல்ல வருவது இதுதான். அந்தப் பட்டியலில் பெயர் இல்லை என்பது அந்தக் குடும்பங்களுக்குக் கிடைத்த ஒரே பிடிமானம். அதையும் பறிக்க ஆள் காத்திருந்தார்கள். பட்டியலே தவறு என்று வாதிடும் நிலையில் அவர்கள் அன்று இருந்தார்களா?

நாற்சந்தி

இழையிலிருந்து சற்றே விலகுவதற்குப் பொறுத்தருள வேண்டும். யார் வெள்ளையர் என்ற இந்தக் கேள்வியில் இந்தியரும் சிக்கியிருக்கிறார்கள். 1923 இல் பகத் சிங் திந்த் என்ற பஞ்சாபியர், இனவியல் நூல்களின்படி தாமும் காகேசியரே என்று வாதிட்டபோது, சாதாரண மனிதனின் பார்வையில் அவர் வெள்ளையர் அல்லர் என்று சொல்லி அமெரிக்க உச்ச நீதிமன்றம் குடியுரிமையை மறுத்துவிட்டது. மெக்சிகருக்கோ, அமெரிக்க மெக்சிகப் போரை முடித்த 1848 ஆம் ஆண்டின் குவாதலூப்பே ஹிதால்கோ உடன்படிக்கை குடியுரிமை அளித்திருந்ததால், டெக்சாஸின் கூட்டாட்சி நீதிமன்றம் 1897 இல் ரிகார்தோ ரொட்ரீகெஸ் என்பவருக்குக் குடியுரிமை பெறும் தகுதி உண்டு என்று ஏற்றுக்கொண்டது. திந்த் வழக்கு நடந்த காலத்தில் கலிஃபோர்னியாவின் இம்பீரியல் பள்ளத்தாக்கில் குடியேறிய பஞ்சாபிய விவசாயிகள் பலர் மெக்சிகப் பெண்களையே மணந்து வாழ்ந்தார்கள் என்பதும் சுவையான செய்தி.

நெறியாளர்

பஞ்சாபிய மெக்சிகக் குடும்பங்களைப் பற்றித் தனி இழை தொடங்கலாம். இங்கே பள்ளி வழக்குகளோடு நின்றுகொள்ள வேண்டுகிறேன்.

பழைய ஏடு

மழைப்பாதை அவர்களுக்கு நன்றி. அவர் குறிப்பிட்ட லெமன் குரோவுக்கும் பதினேழு ஆண்டுகள் முன்னே செல்கிறேன்.

கொலராடோவின் சான் லூயிஸ் பள்ளத்தாக்கில் அலமோசா என்ற ரயில் நகரம் உண்டு. அங்கே மெக்சிகக் குழந்தைகள் அனைவரையும், ஆங்கிலம் நன்றாகப் பேசுபவர்களையும் சேர்த்து, ஒரே பள்ளிக்கு அனுப்பும் வழக்கத்தைப் பள்ளி வாரியம் ஏற்படுத்தியிருந்தது. ஃபிரான்சிஸ்கோ மயேஸ்தாஸ் என்பவர் தம் மகனை வீட்டுக்கு அருகில் இருந்த பள்ளியில் சேர்க்க முயன்று மறுக்கப்பட்டார். பையன் ஆபத்தான ரயில் பாதைகளைக் கடந்து தூரத்துப் பள்ளிக்குப் போக வேண்டியிருந்தது. ரயில்வே தொழிலாளர் குடும்பங்கள் ஒன்றுகூடிப் பள்ளிகளைப் புறக்கணித்து, பணம் திரட்டி வழக்குத் தொடுத்தன.

கொலராடோ மாநில அரசியலமைப்பு, இனத்தையோ நிறத்தையோ காரணமாகக் கொண்டு பொதுப் பள்ளி மாணவரை வகைப்படுத்தக் கூடாது என்று தெளிவாகச் சொல்லியிருந்தது. அதற்குப் பள்ளி வாரியம் அளித்த விடைதான் நம் விவாதத்துக்குத் தேவையானது. மெக்சிகரும் காகேசியரே, வெள்ளையரை வெள்ளையரிடமிருந்து பிரித்தால் அது இனப் பாகுபாடு ஆகாது, மொழியைக் காரணமாகக் கொண்டே பிரித்தோம் என்று வாரியம் வாதிட்டது. 1914 இல் நீதிபதி சார்லஸ் ஹோல்புரூக் இதை ஏற்காமல், ஆங்கிலம் அறிந்த குழந்தைகளை அருகிலுள்ள பள்ளியில் சேர்க்க வேண்டும் என்று ஆணையிட்டார்.

ஆக, மெக்சிகர் வெள்ளையர் என்ற வாதத்தைக் குடும்பங்கள் கண்டுபிடிக்கவில்லை. மெண்டெஸுக்கு முப்பது ஆண்டுகள் முன்பே பிரிவினை செய்தவர்களே அதைக் கேடயமாகப் பிடித்திருந்தார்கள். கீழைக்காற்று அவர்களின் குற்றச்சாட்டை எடைபோடும்போது இதையும் தட்டில் வைக்க வேண்டும்.

தென்புலம்

கலிஃபோர்னியாவையும் கொலராடோவையும் மட்டும் பார்த்தால் குடும்பங்கள் வழக்குத் தொடுத்தால் வென்றுவிடும் என்ற எண்ணம் ஏற்படும். டெக்சாஸ் அப்படியில்லை, அங்கே மொழி என்ற சாக்கு எவ்வளவு நீண்ட காலம் உழைத்தது என்று பாருங்கள்.

டெல் ரியோ நகரத்தில் மெக்சிகக் குழந்தைகளின் தனிப் பள்ளிக் கட்டடத்தை விரிவாக்கக் கடன் பத்திரம் வெளியிட முனைந்தபோது, ஹெசூஸ் சல்வத்தியேராவும் வேறு பெற்றோரும் 1930 இல் தடை கோரினார்கள். மாவட்ட நீதிமன்றம் தடையாணை அளித்தது. சான் அன்டோனியோ மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை நீக்கியது. இனத்துக்காக மட்டும் பிரிப்பது தகாது, ஆனால் ஆங்கிலம் அறியாமை, பருத்திக் காட்டு வேலைக்காகப் பள்ளிக்குத் தாமதமாக வருதல் போன்ற கல்விக் காரணங்களுக்காகப் பிரிக்கலாம் என்று அது சொல்லிவிட்டது. பள்ளிக் கண்காணிப்பாளர் நல்லெண்ணத்தோடுதான் செய்தார் என்று நம்பிய அந்தத் தீர்ப்புக்குப் பிறகும் மிக எளிதான ஒரு கேள்வி எஞ்சுகிறது: அதே அளவு தாமதமாக வந்த வெள்ளைக் குழந்தைகளை ஏன் அந்தப் பள்ளிக்கு அனுப்பவில்லை? அமெரிக்க உச்ச நீதிமன்றமும் வழக்கை விசாரணைக்கு எடுக்க மறுத்தது.

மெண்டெஸ் தீர்ப்பின் துணையோடு 1948 இல் டெல்காடோ வழக்கு வந்தது. பாஸ்ட்ரோப் உள்ளிட்ட பள்ளி மாவட்டங்களில் மெக்சிக வம்சாவளிக் குழந்தைகளைப் பிரிப்பதைக் கூட்டாட்சி நீதிபதி பென் ரைஸ் தடை செய்தார். ஆனால் ஒரு விலக்கும் கொடுத்தார். முதல் வகுப்பில் மட்டும், முறையான தேர்வு வைத்து, அதே வளாகத்துக்குள் ஆங்கிலம் அறியாதவர்களுக்குத் தனி வகுப்பு நடத்தலாம். அந்தச் சிறு சந்து போதும் என்று பள்ளி மாவட்டங்கள் அதில் புகுந்துகொண்டன.

மாநிலக் கல்விக் கண்காணிப்பாளர் எல். ஏ. வுட்ஸ் அந்தத் தீர்ப்பை நடைமுறைப்படுத்த முனைந்தவர். தீர்ப்புக்குப் பிறகும் பிரிவினையைக் கைவிடாத டெல் ரியோ பள்ளி மாவட்டத்தின் அங்கீகாரத்தை 1949 இல் நீக்கினார். அதே ஆண்டு டெக்சாஸ் சட்டமன்றம் கல்வி நிர்வாகத்தைத் திருத்தியமைக்கும் சட்டத்தை இயற்றி, தேர்தல் மூலம் நிரப்பப்பட்ட அவருடைய பதவியையே ஒழித்தது. அடுத்து நியமனத்தில் வந்த ஆணையர் டெல் ரியோவுக்கு அங்கீகாரத்தைத் திருப்பிக் கொடுத்தார். தீர்ப்பு வந்த பிறகு என்ன நடக்கும் என்று கேட்பவர்களுக்கு இதைத்தான் நான் எடுத்துக் காட்டுவேன்.

டிரிஸ்கால் என்ற ஊரின் வழக்கு 1957 இல் முடிந்தது. அங்கே மெக்சிக வம்சாவளிக் குழந்தைகளை முதல் வகுப்பிலேயே ஆண்டுக்கணக்கில் உட்கார வைத்திருந்தார்கள். ஆங்கிலம் தெரியாததால் என்று காரணம் சொன்னார்கள். ஆங்கிலம் மட்டுமே தெரிந்த, ஸ்பானிய மொழி பேசவே வராத ஒரு சிறுமியும் அந்த வகுப்பில்தான் இருந்தாள். வழக்குரைஞர் ஒருவர் தலையிட்ட பிறகே அவளை மாற்றினார்கள். அந்தச் சிறுமியின் இருப்பே வாரியத்தின் மொழிக் காரணத்தைப் பொய்யாக்கிவிட்டது. நீதிபதி ஜேம்ஸ் ஆல்ரெட், ஒவ்வொரு குழந்தையின் திறனையும் தனித்தனியே பார்க்காமல் ஒரு கூட்டத்தையே இப்படி வகைப்படுத்தியது நியாயமற்றது என்று முடிவு கட்டினார்.

மழைப்பாதை

தென்புலம் அவர்கள் மொழியைத் தொட்டதால் மெண்டெஸ் விசாரணையிலிருந்து இரண்டு செய்திகள். கார்டன் குரோவ் பள்ளிக் கண்காணிப்பாளர் ஜேம்ஸ் கென்ட், மெக்சிகக் குழந்தைகள் தூய்மையிலும் கற்றல் திறனிலும் தாழ்ந்தவர்கள், பேன், சொறி சிரங்கு பரவும் என்றெல்லாம் சாட்சிக் கூண்டில் நின்று சொன்னார். மார்கஸ் அவரைத் தடுக்காமல் மேலும் மேலும் பேச விட்டார். மொழிதான் காரணம் என்று எழுத்தில் சொன்னவர்களின் உண்மையான காரணம் அவர் வாயாலேயே பதிவேட்டில் ஏறியது. பிறகு பதினான்கு வயதுச் சிறுமி ஒருத்தி சாட்சி சொல்ல வந்து, தங்கு தடையில்லாத ஆங்கிலத்தில் பேசிவிட்டுப் போனாள்.

நீதிபதி மக்கார்மிக், ஒரே பாடநூலும் ஒரே மாதிரிக் கட்டடமும் கொடுத்துவிட்டால் சம பாதுகாப்பு நிறைவேறிவிடாது என்றும், பொதுக் கல்வியில் சமூகச் சமத்துவம் இன்றியமையாதது என்றும் எழுதினார். பள்ளிகள் நடத்தியதாகச் சொன்ன மொழித் தேர்வுகள் அவசரமானவை, மேலோட்டமானவை என்றும், சில இடங்களில் பெயரைப் பார்த்தே முடிவு செய்திருக்கிறார்கள் என்றும் கண்டார். பிரித்து வைப்பதால்தான் குழந்தைகளின் ஆங்கிலம் பின்தங்குகிறது என்றும் சொன்னார். சட்டத்தின் இடைவெளியைப் பிடித்துத் தொடங்கிய வழக்காக இருக்கலாம். தீர்ப்பின் இந்தப் பகுதி பிளெஸ்ஸியின் அடித்தளத்தையே தொடுகிறது.

வழக்காடி

மாவட்ட நீதிமன்றத் தீர்ப்பைப் பற்றி மழைப்பாதை அவர்கள் சொல்வதை ஏற்கிறேன். ஆனால் அந்தப் பகுதி மேல்முறையீட்டில் நிலைக்கவில்லை. 1947 ஏப்ரல் 14 அன்று சான் ஃபிரான்சிஸ்கோவில் ஒன்பதாவது வட்ட நீதிமன்றம் குடும்பங்களின் வெற்றியை உறுதி செய்தது. ஆனால் அதற்குச் சொன்ன காரணம் குறுகியது: மாநிலச் சட்டம் மெக்சிகரைப் பிரிக்க அனுமதிக்கவில்லை, ஆகவே அதிகாரிகள் சட்டத்தை மீறினார்கள். பிளெஸ்ஸியைத் தொட மறுத்துவிட்டது. பள்ளி மாவட்டங்கள் அதற்கு மேல் செல்லவில்லை. வழக்கு உச்ச நீதிமன்றத்தின் படியேறாமல் நின்றுபோனதற்கு அதுவே காரணம்.

இனி கீழைக்காற்று அவர்கள் எழுப்பிய கேள்விக்கு வருகிறேன். மெக்சிகர் வெள்ளையர் என்ற வாதம் எங்கே போய் முடிந்தது என்பதற்கு இரண்டு காட்சிகள்.

முதலாவது 1954 மே 3. பிரவுன் தீர்ப்புக்குச் சரியாக இரண்டு வாரம் முந்தைய நாள். டெக்சாஸின் ஜாக்சன் கவுன்டியில் பீட் ஹெர்னாண்டெஸ் மீதான கொலை வழக்கில், அந்தக் கவுன்டியில் 25 ஆண்டுகளாக மெக்சிகப் பெயர் கொண்ட ஒருவர் கூட நடுவர் குழுவில் அமர்ந்ததில்லை என்று காட்டப்பட்டது. மெக்சிகர் வெள்ளையர், நடுவர்களும் வெள்ளையர், இதில் பாகுபாடு எங்கே என்று டெக்சாஸ் அரசு கேட்டது. அலமோசா வாரியத்தின் அதே வாதம், நாற்பது ஆண்டுகள் கழித்து. குஸ் கார்சியா, கார்லோஸ் கதேனா முதலிய மெக்சிக அமெரிக்க வழக்குரைஞர்கள், நீதிமன்ற வளாகத்திலேயே ஆண்கள் கழிப்பறை இரண்டாக இருந்ததையும், ஒன்றில் நிறமுள்ளோர் என்றும் அதன் கீழே ஸ்பானிய மொழியில் ஆண்கள் இங்கே என்றும் எழுதியிருந்ததையும் காட்டினார்கள். சட்டம் என்ன பெயர் கொடுத்தாலும், ஊர் ஒரு கூட்டத்தை எப்படி நடத்துகிறது என்பதைப் பார்த்தே பாதுகாப்பு அளிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் ஒருமனதாகச் சொன்னது.

இரண்டாவது 1970, ஹூஸ்டன். பள்ளிகளில் கறுப்பினத்தவரையும் வெள்ளையரையும் கலக்க வேண்டும் என்று நீதிமன்றம் ஆணையிட்டபோது, மெக்சிகக் குழந்தைகள் சட்டப்படி வெள்ளையர் என்ற கணக்கில், கறுப்பினப் பள்ளிகளும் மெக்சிகப் பள்ளிகளும் ஒன்றோடொன்று இணைக்கப்பட்டன. வசதி படைத்த வெள்ளையர் பள்ளிகள் பெரும்பாலும் தொடப்படவில்லை. கலப்பு முடிந்துவிட்டது என்று தாளில் எழுதிக்கொண்டார்கள். மெக்சிக அமெரிக்கப் பெற்றோர் ஆயிரக்கணக்கான பிள்ளைகளைப் பள்ளியிலிருந்து நிறுத்தி, தேவாலயங்களிலும் சமூகக் கூடங்களிலும் ஹுவெல்கா (வேலைநிறுத்தம்) பள்ளிகள் என்ற பெயரில் தாங்களே பாடம் நடத்தினார்கள். தங்களைத் தனிச் சிறுபான்மையினராக ஏற்க வேண்டும் என்பது அவர்களின் கோரிக்கை. முப்பது ஆண்டுகளுக்கு முன் அவர்களின் பெற்றோர் தலைமுறை எதை மறுத்து வழக்காடியதோ, அதையே இவர்கள் கேட்டு நின்றார்கள்.

கீழைக்காற்று

ஹூஸ்டன் எடுத்துக்காட்டு என் வாதத்துக்கே வலு சேர்க்கிறது என்று எடுத்துக்கொள்கிறேன். அந்தப் புறக்கணிப்பிலும் கறுப்பினப் பள்ளிகளோடு சேர மறுத்த குரல்கள் சில கலந்திருந்தன என்பதை விட்டுவிடக் கூடாது. எல்லாப் பெற்றோரும் ஒரே நோக்கத்தோடு நிற்கவில்லை.

ஆனால் மெண்டெஸ் வழக்கைப் பொறுத்தவரை ஒன்றை நானே எடுத்துச் சொல்ல வேண்டும். குடும்பங்கள் தங்களுக்காக மட்டும் வாதாடியிருந்தாலும் விளைவு அவர்களோடு நிற்கவில்லை. மேல்முறையீட்டின்போது கறுப்பின உரிமை அமைப்பான என்.ஏ.ஏ.சி.பி. சார்பில் தர்குட் மார்ஷலும் ராபர்ட் கார்ட்டரும் நீதிமன்றத்துக்கு உதவும் எழுத்துரை அளித்தார்கள். ஜப்பானிய அமெரிக்கக் குடிமக்கள் சங்கமும் அமெரிக்க யூதப் பேரவையும் துணை நின்றன. தீர்ப்பு வந்த இரண்டு மாதங்களில், 1947 ஜூனில், ஆளுநர் எர்ல் வாரன் கையெழுத்திட்ட சட்டம், பூர்வகுடியினரையும் ஆசிய வம்சாவளியினரையும் பிரிக்க அனுமதித்த அந்தப் பட்டியலையே கல்விச் சட்டத்திலிருந்து அகற்றியது. பட்டியலில் தங்கள் பெயர் இல்லை என்று சொல்லி வென்றவர்களால் பட்டியலே போயிற்று. அதே வாரன்தான் ஏழு ஆண்டுகள் கழித்துத் தலைமை நீதிபதியாகப் பிரவுன் தீர்ப்பை எழுதினார்.

மெண்டெஸ் குடும்பம் அப்போது பயிரிட்ட 40 ஏக்கர் நிலம் ஜப்பானிய அமெரிக்கரான முனெமிட்சு குடும்பத்தினுடையது. போர்க்காலத்தில் அவர்களை அரிசோனாவின் போஸ்டன் முகாமில் அடைத்திருந்ததால் நிலம் குத்தகைக்கு வந்தது. மெண்டெஸ் வழக்குக்காக ஊர் ஊராக அலைந்தபோது, போர்ட்டோ ரிக்கோவில் பிறந்த அவர் மனைவி ஃபெலிசிதாஸ்தான் பண்ணையை நடத்தினார். வழக்குச் செலவுக்குப் பணம் அந்த நிலத்திலிருந்து வந்தது. ஒரு குடும்பத்துக்கு நேர்ந்த அநீதியின் நிழலில் இன்னொரு குடும்பத்தின் நீதி விளைந்தது என்பதை எந்தப் பக்கம் சேர்ப்பது என்று எனக்குத் தெரியவில்லை. போர் முடிந்து முனெமிட்சு குடும்பத்தினர் திரும்பி வந்தபோது நிலம் அவர்களிடம் ஒப்படைக்கப்பட்டது என்பது மட்டும் ஆறுதல்.

தென்புலம்

பிரவுன் தீர்ப்பு மெக்சிக அமெரிக்கருக்கும் பொருந்தும் என்று நீதிமன்றம் நேரடியாகச் சொல்ல மேலும் பதினாறு ஆண்டுகள் ஆயின. கார்ப்பஸ் கிறிஸ்டியில் உருக்காலைத் தொழிற்சங்கத்தைச் சேர்ந்த தொழிலாளர்கள், மெக்சிகரும் கறுப்பினத்தவரும் சேர்ந்தே, 1968 இல் தொடுத்த சிஸ்னெரோஸ் வழக்கில், நீதிபதி வுட்ரோ சீல்ஸ் 1970 ஜூனில் அப்படித் தீர்ப்பளித்தார். வாதாடியவர் ஜேம்ஸ் டிஆண்டா. டிரிஸ்கால் வழக்கையும் ஹெர்னாண்டெஸ் வழக்கையும் நடத்தியவர்களில் ஒருவர். வெள்ளையர் என்ற வாதத்தை அவர் அங்கே முற்றிலும் கைவிட்டார். பிறகு 1973 ஜூனில் டென்வர் நகரத்தின் கீஸ் வழக்கில், ஹிஸ்பானியரும் கறுப்பினத்தவரும் ஒரே வகைப் பாகுபாட்டுக்கு ஆளானவர்கள், ஒரு பள்ளி பிரிக்கப்பட்டதா என்று பார்க்கும்போது இருவரையும் சேர்த்தே எண்ண வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் முடிவு செய்தது. ஹூஸ்டன் கணக்குக்கு அதுதான் விடை.

பழைய ஏடு

கேள்வியைத் தொடங்கி வைத்தவன் என்ற முறையில் என் நிலையைச் சொல்லிவிடுகிறேன். வெள்ளையர் என்ற வாதம் குடும்பங்களின் நம்பிக்கையில் பிறந்ததைக் காட்டிலும் நீதிமன்றம் கேட்ட கேள்வியில் பிறந்தது என்று இப்போது நினைக்கிறேன். நீதிமன்றம் எந்தக் கேள்விக்குக் காது கொடுத்ததோ அதற்குப் பொருத்தமான விடையோடு அவர்கள் வந்தார்கள். கேள்வி மாறியபோது விடையும் மாறியது. கீழைக்காற்று அவர்கள் சுட்டிய எல் பாசோ போன்ற நிகழ்வுகளில் இருந்த அகந்தையை இது மன்னித்துவிடாது. அங்கே எந்த நீதிபதியும் அப்படிப் பேசச் சொல்லவில்லை.

ஆனால் டென்வர் தீர்ப்போடு கதையை நிறுத்த எனக்கு மனமில்லை. அதற்கு மூன்று மாதம் முன்பு, 1973 மார்ச் 21 அன்று, அதே உச்ச நீதிமன்றம் சான் அன்டோனியோவின் ரொட்ரீகெஸ் வழக்கில் மெக்சிக அமெரிக்கப் பெற்றோரைத் தோற்கடித்தது. எட்ஜ்வுட் பள்ளி மாவட்டத்தின் மாணவர்களில் ஏறத்தாழ 90 விழுக்காட்டினர் மெக்சிக அமெரிக்கர். பள்ளி நிதியில் ஒரு பகுதி உள்ளூர்ச் சொத்து வரியிலிருந்து வந்தது. அங்கே ஒரு மாணவருக்குரிய, வரி விதிக்கத்தக்க சொத்து மதிப்பு 5,960 டாலர். அதே நகரத்தின் அலமோ ஹைட்ஸ் மாவட்டத்தில் 49,000 டாலருக்கு மேல். எட்ஜ்வுட் மக்கள் 100 டாலர் மதிப்புக்கு 1.05 டாலர் வரி கட்டியும் ஒரு மாணவருக்கு 26 டாலரே திரட்ட முடிந்தது. அலமோ ஹைட்ஸ் 85 சென்ட் மட்டும் வரி விதித்து 333 டாலர் திரட்டியது. மாநில, கூட்டாட்சி நிதி எல்லாம் சேர்ந்த பிறகும் ஒரு மாணவருக்கு எட்ஜ்வுட்டில் 356 டாலர், அலமோ ஹைட்ஸில் 594 டாலர். உலோகத் தகடு வேலை செய்த தொழிலாளி டெமெட்ரியோ ரொட்ரீகெஸ் முதல் மனுதாரர். கல்வி அரசியலமைப்பு உறுதி செய்த அடிப்படை உரிமை அல்ல என்று ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் நீதிமன்றம் சொல்லிவிட்டது.

இங்கே யாரும் எந்தக் குழந்தையையும் வாசலில் நிறுத்தி நிறத்தைப் பார்க்கவில்லை. மாவட்ட எல்லையும் சொத்து வரியும் அந்த வேலையைச் செய்தன. வெள்ளையரா இல்லையா என்ற முப்பதாண்டு வாதம் எதுவும் இந்தச் சுவரை எட்டவில்லை. மெண்டெஸ் வழக்கில் எழுத்துரை அளித்த தர்குட் மார்ஷல் அப்போது உச்ச நீதிமன்ற நீதிபதியாக அமர்ந்திருந்தார். அவர் நீண்ட மாறுபட்ட தீர்ப்பு எழுதினார்.

வழக்காடி

அந்த மாறுபட்ட தீர்ப்பைப் படிப்பவர்கள் அடுத்த ஆண்டு டெட்ராய்ட் நகரத்தைப் பற்றிய மில்லிகன் வழக்கில் அவர் எழுதியதையும் சேர்த்துப் படிக்க வேண்டும். நகரத்துக்கும் புறநகர்களுக்கும் இடையிலான மாவட்ட எல்லையைத் தாண்டிக் குழந்தைகளைக் கலக்க முடியாது என்று பெரும்பான்மை அங்கே முடிவு செய்தது. எட்ஜ்வுட் குடும்பங்கள் பின்னர் மாநில நீதிமன்றத்துக்குப் போய், டெக்சாஸ் அரசியலமைப்பின் அடிப்படையில் 1989 இல் வென்றன. அந்த வழக்கில் பள்ளி நிதியைப் பங்கிட மாநில அரசு மாற்றி மாற்றி வகுத்த திட்டங்களைப் பற்றி விரிவாக எழுதும் எண்ணம் இருக்கிறது. ஆர்வமுள்ளவர்கள் இங்கேயே சொன்னால் அடுத்த பதிவில் தொடர்கிறேன்.